கோட்டு போட்டால் தெரியாது

ஆகஸ்ட் 22

தளிர் இப்போதுதான் தூங்கினாள். அரைத்த மாவை எடுத்து வைத்துவிட்டு உட்கார்கிறேன். படுத்தாலும் தூக்கம் வராது.

இன்று பெருந்துறை ரோட்டு மண்டபத்தில் ஒரு வரவேற்பு. வழக்கம்போல நான் மூன்றாவது வரிசையில், ஓரத்து நாற்காலியில். நான் பெண் வீட்டு ஆளும் இல்லை, மாப்பிள்ளை வீட்டு ஆளும் இல்லை. மேடையில் மேஜிக் காட்டுகிற பூபதியின் மனைவி. அது யாருக்கும் தெரியக்கூடாது. அதுதான் என் வேலை.

முன்பு இந்த நாற்காலியில் பூபதியின் அத்தை மகள் உட்காருவாள். அவளுக்குக் கல்யாணமாகித் தாராபுரம் போனதும் நான் உட்கார ஆரம்பித்தேன். நிகழ்ச்சி பாதி ஆனதும் பூபதி கூட்டத்தைச் சும்மா ஒரு சுற்றுப் பார்த்து, என்னை மேலே கூப்பிடுவார். மைக்கை என் வாயருகே நீட்டுவார்.

"மேடம், இதுக்கு முன்னால என்னை எங்கியாச்சும் பாத்திருக்கீங்களா?"

"இல்லீங்க."

"என் பேராச்சும் தெரியுங்களா?"

"தெரியாதுங்க."

அப்புறம் சிலேட்டு. காலையில் என்ன சாப்பிட்டேன், யார்மேல் எனக்கு ரொம்பக் கோபம் என்று மனதுக்குள் நினைக்கச் சொல்வார். நான் வாயைத் திறப்பதற்குள் எழுதிக் காட்டிவிடுவார். 'கம்பு தோசை.' 'மாமியார்.' மண்டபமே சிரிக்கும். பவானியில் இருக்கும் என் மாமியார் பாவம், யாரையும் அதட்டிப் பேசியதுகூடக் கிடையாது.

தளிரை விட்டுப்போகும் பக்கத்து வீட்டில் காய்ச்சல் என்பதால் இன்று அவளையும் கூட்டிப்போக வேண்டியதாகிவிட்டது. மேடையில் நான் "இல்லீங்க" என்று சொன்னதுதான் தாமதம், நாற்காலிமேல் ஏறி நின்று கத்தினாள்.

"அம்மா, அது நம்ம அப்பா!"

ஒரு விநாடி யாருக்கும் புரியவில்லை. அப்புறம் மண்டபம் அதிர்ந்தது. கல்யாணப் பெண்ணின் மாமா எழுந்து நின்று, "ஏப்பா மேஜிக்கு, குடும்பத்தோட வந்து ஏமாத்தறயா?" என்றார். பின்னாலிருந்து ஒரு குரல்: "அந்த மாமியாரையும் கூப்பிடுங்க, பாத்துப்போட்டுப் போறோம்!"

பூபதி குனிந்து ஒரு கும்பிடு போட்டார். "எதை வேணா மறைச்சுப் போடுவனுங்க. இந்தப் பொருளை மட்டும் என்னால மறைக்க முடியலீங்க" என்று தளிரைக் காட்டினார். கைதட்டினார்கள். வண்டியில் திரும்பும்போதும் அதை நினைத்து நினைத்துச் சிரித்துக்கொண்டே வந்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான்காவது வரிசையில் ஒரு பெண், பள்ளிக்கூட வாசலில் பார்த்த முகம்போல இருந்தது. பிறகு உற்றுப் பார்த்தேன். வேறு யாரோ. நல்லவேளை.

ஆகஸ்ட் 24

தளிருக்குப் புது விளையாட்டு சொல்லிக்கொடுத்தேன். கோட்டு போட்டால் அவர் அப்பா இல்லை, மேஜிக் மாமா. கோட்டைக் கழற்றினால் அப்பா. யாராவது கேட்டால்?

"தெரியாதுங்க."

நான் மேடையில் சொல்வதுபோலவே, தலையை லேசாகச் சாய்த்து, அந்த 'ங்க'வோடு. சிரித்துவிட்டேன்.

பூபதி தரையில் உட்கார்ந்து இரும்பு வளையங்களைத் துணியால் துடைத்துக்கொண்டே என்னைப் பார்த்தார். "வேண்டாஞ் சாரு. சிலேட்டு ஐட்டத்தையே எடுத்துப் போடறேன். புள்ளைகிட்ட எதுக்கு இதெல்லாம்?"

"தொழிலுக்காகத்தானே சொல்றேன்."

"தொழிலுக்கா?" என்றார்.

குக்கர் விசில் வந்ததால் நான் எழுந்து போய்விட்டேன்.

செப்டம்பர் 2

ஷர்மிளா இன்றைக்கும் கேட்டாள். தளிர் வகுப்பிலேயே அவள் பையனும் படிக்கிறான். கணவருக்குச் சாயப்பட்டறை. காரில்தான் வருவாள், ஆனால் வாசலில் எங்களோடு நின்றுதான் பேசுவாள்.

"தளிரம்மா, உங்க வீட்டுக்காரர் இந்த வாரமும் பெங்களூர்ல இருந்து வரலீங்களா? பாவம், புள்ளை ஏங்கிப்போகும்."

"வேலை அதிகங்க" என்றேன்.

பெங்களூர் எப்படி வந்தது என்று நானே யோசிக்கிறேன். பள்ளியில் சேர்த்த அன்று பூபதி பொள்ளாச்சிக்கு ஒரு காதுகுத்துக்குப் போயிருந்தார். நானும் அம்மாவும்தான் போனோம். ரெஜினா மிஸ், "அப்பா என்ன பண்றாங்க?" என்று கேட்டபோது பக்கத்தில் ஷர்மிளா நின்றாள். பெங்களூரில் இருக்கும் என் அண்ணனின் வேலை என் வாயில் வந்துவிட்டது. அண்ணனின் கம்பெனி, அண்ணனின் அடையாள அட்டை, அவனை ஏற்றிப்போகும் கம்பெனி பஸ் வரை சொல்லியாகிவிட்டது.

எனக்கு அவர்மேல் ஒரு குறையும் இல்லை. குடிக்கமாட்டார், கை நீட்டமாட்டார். ஆனால் எம்.எஸ்சி. கணிதத்தில் கூடப் படித்தவர்கள் "ஹஸ்பண்ட் என்ன பண்றார்?" என்று கேட்கும்போது என்ன சொல்வது? "விசேஷ வீட்டுல முட்டை எடுத்துக் காட்டறவன்" என்று எங்கள் அப்பா சொன்னது காதில் ஒட்டிக்கொண்டு போகமாட்டேன் என்கிறது.

நாங்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே அவர் வண்டி வந்தது. பின்னால் கட்டிய தகரப் பெட்டியில் 'மாயஜாலம் பூபதி' என்று மஞ்சள் எழுத்து. கறுப்புக் கோட்டு, கழுத்தில் பட்டாம்பூச்சி மாதிரி சிவப்பு டை. தளிர் கையைத் தூக்கினாள். நான் அந்தக் கையைப் பிடித்தேன். கொஞ்சம் அழுத்தித்தான் பிடித்துவிட்டேன்.

அவள் என்னை அண்ணாந்து பார்த்து, ரகசியமாக, "தெரியாதுங்க" என்றாள். சரியாகச் சொன்னோமா என்று கண்ணிலேயே கேட்டாள்.

கொய்யாக்காய் வாங்கிக் கொடுத்தேன்.

அவர் ஹாரன் அடிக்காமல் திருப்பத்தில் வளைந்து போனார். எங்களைக் கவனித்திருக்கமாட்டார்.

செப்டம்பர் 19

புரட்டாசி பிறந்துவிட்டது. கல்யாணம் கிடையாது. அவர் கண்ணாடி முன்னால் நின்று முட்டை மறைக்கும் ஐட்டத்தைப் பழகுகிறார். உடைகிற முட்டை எல்லாம் ஆம்லெட். ஒரு வாரமாக ஆம்லெட்.

எங்கள் கல்லூரி விழாவில் அவர் முதன்முதலில் என்னை மேடைக்குக் கூப்பிட்டபோதும் இதே கேள்விதான் கேட்டார். "என்னை முன்னாடி பாத்திருக்கீங்களா?" "இல்லை" என்றேன். அன்றைக்கு அது உண்மை. சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு அவர் என்னைப் பார்த்த பார்வையில், மேஜிக் காட்டுகிறவரைவிடப் பார்க்கிறவள்தான் பெரிய அதிசயம் என்பதுபோல இருந்தது. அப்பாவின் பேச்சை மீறி வந்தது அந்தப் பார்வைக்காகத்தான்.

செப்டம்பர் 27

அவர் கோட்டோடு இருந்தால் தளிர் பக்கத்தில் போவதில்லை. என் கால்களுக்குப் பின்னால் வந்து நின்றுகொள்கிறாள். கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுத்தான் அவர் அவளைக் கூப்பிடுகிறார். வளர்ந்தால் சரியாகிவிடும்.

அக்டோபர் 10

இன்று நடந்ததை எழுதிவிட்டுத்தான் படுக்க வேண்டும்.

கோயம்புத்தூரில் ஒரு பள்ளியில் கணக்கு டீச்சர் வேலைக்கு நேர்காணல். மதியத்துக்குள் திரும்பிவிடலாம் என்று போனேன். அவிநாசி தாண்டி லாரி ஒன்று சாய்ந்து பஸ் நின்றுவிட்டது. பள்ளி விடும் நேரம் நெருங்கிவிட்டது. பூபதிக்குப் போன் செய்தேன். மில்லில் ஆயுத பூஜையை ஒருநாள் முன்னாடியே வைத்திருந்தார்கள். அங்கே காட்சி முடித்துப் பெட்டியைக் கட்டிக்கொண்டிருந்தார். "நான் போய்க் கூட்டிக்கறேன், பதறாத" என்றார். அப்படியே போயிருக்கிறார். கோட்டோடு, முகத்துப் பவுடரோடு.

ரெஜினா மிஸ் அவரைப் பார்த்ததே இல்லை. "யாருங்க நீங்க?" என்று கேட்டிருக்கிறார். "தளிரோட அப்பாங்க." தளிரைக் கூப்பிட்டு, "இவரு யாரு பாப்பா? தெரியுமா?" என்று கேட்டிருக்கிறார்.

"தெரியாதுங்க."

மறுபடி கேட்டிருக்கிறார். மறுபடியும் அதுதான்.

எனக்குச் சொல்வதற்கு என் போனில் சிக்னல் இல்லை. அதற்குள் வாசலில் இருந்த ஆட்டோக்காரர்கள் உள்ளே வந்துவிட்டார்கள். பிள்ளை பிடிக்கிறவன் என்று யாரோ சொல்ல, அவர் கோட்டுப் பைகளைத் துழாவிப் பார்த்திருக்கிறார்கள். ஒரு பையில் குழந்தைகளுக்குக் கொடுக்கும் சாக்லெட். இன்னொன்றில் பட்டுக் கைக்குட்டைகள். உள்பையில் தீ ஐட்டத்துக்கு வைத்திருக்கும் ஸ்பிரிட் பாட்டில். முகர்ந்து பார்த்துவிட்டு, "மயக்க மருந்துடா!" என்று ஒருத்தன் கத்தினானாம். அடித்துவிட்டார்கள். கோட்டைப் பிடித்து இழுத்தபோது கைக்குள்ளிருந்து காகிதப் பூங்கொத்து விரிந்து வெளியே வந்திருக்கிறது. ஜன்னலில் நின்ற குழந்தைகள் கைதட்டியிருக்கிறார்கள்.

நான் போய்ச் சேரும்போது அவர் ஆபீஸ் அறையில், குழந்தைகள் உட்காரும் குட்டி நாற்காலியில் முழங்கால் இரண்டும் நெஞ்சுக்கு வர உட்கார்ந்திருந்தார். பவுடருக்கு மேல் உதட்டு ரத்தம். கோட்டின் ஒரு கை தோளிலிருந்து தொங்கியது. ஒரு போலீஸ்காரர். ஷர்மிளாவும் நின்றாள்.

"இவரு உங்களுக்கு யாரும்மா?"

"என் வீட்டுக்காரர்" என்றேன்.

ஷர்மிளா என்னைப் பார்க்கவில்லை. மேஜைமேல் கிடந்த பட்டுத் துணிகளை ஒவ்வொன்றாக மடித்து வைத்தாள். அவள் ஏதாவது கேட்டிருந்தால்கூடத் தேவலை.

பூபதி எழுந்து எல்லோருக்கும் பொதுவாக, "பரவாயில்லீங்க. புள்ளைங்க விஷயம். சந்தேகப்பட்டது நல்லதுதானுங்க" என்றார்.

ஆட்டோவில் தளிர் என் மடியில் ஏறிக்கொண்டு சொன்னாள்: "மிஸ் ரெண்டு தடவை கேட்டாங்கம்மா. நான் ரெண்டு தடவையும் கரெக்டா சொன்னேன். கோட்டு போட்டிருந்தாரில்ல? கொய்யாக்கா வாங்கித் தர்றியா?"

அவர் வண்டியில் பின்னால் வந்துகொண்டிருந்தார். ஆட்டோவின் சின்னக் கண்ணாடியில் அவர் தெரிந்தார்.

அக்டோபர் 11

கடை, வண்டி, பெட்டி எல்லாவற்றுக்கும் சந்தனம் வைத்தார்கள் ஊரில். அவரும் தகரப் பெட்டிக்குப் பொட்டு வைத்தார். உதடு வீங்கியிருப்பதால் இட்லி மட்டும்.

அக்டோபர் 16

சிக்னல் இருந்தது.

இதை எழுதாமல் மற்றதை எழுத முடியவில்லை. லாரி சாய்ந்து கிடந்த இடத்தில் சிக்னல் நன்றாகவே இருந்தது. பக்கத்து இருக்கைக்காரர் போனில் படமே பார்த்துக்கொண்டு வந்தார். ரெஜினா மிஸ்ஸுக்கு நானே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்: "தளிரோட அப்பா வர்றாருங்க மிஸ், கோட்டு போட்டிருப்பாரு." சொல்லவில்லை. எண்ணைத் திரையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சொன்னால் பெங்களூர் என்ன ஆவது?

பூபதியிடம் சொன்னதும் வேறு. "கோட்டைக் கழட்டிட்டுப் போங்க" என்றேன். "உள்ள வெறும் பனியன்தான் சாரு" என்றார். அப்படியானால் கொஞ்சம் தாமதமாகப் போங்கள், கூட்டம் கலையட்டும் என்றேன். அவர் ஏன் என்று கேட்கவில்லை. முக்கால்வாசிப் பெற்றோரும் போன பிறகு, தனியாக, பவுடர் முகத்தோடு ஒரு ஆள் கேட்டில் வந்து நின்றால் யாருக்குத்தான் சந்தேகம் வராது?

இதை அவரிடம் சொல்லி மன்னிப்புக் கேட்க வேண்டும். காலையில் சொல்லலாம் என்றால் அவர் தளிருக்குத் தலை பின்னிக்கொண்டிருக்கிறார். மாலையில் சொல்லலாம் என்றால் துணி காய்கிறது.

தளிர் வீட்டில் அவரோடு சகஜமாகத்தான் இருக்கிறாள். முதுகில் ஏறுகிறாள், மீசையை இழுக்கிறாள். ஆனால் இன்று கிழிந்த கோட்டுக் கையைத் தைத்து, அளவு பார்க்க அவர் கோட்டைப் போட்டதும் பாடிக்கொண்டிருந்தவள் நிறுத்திவிட்டாள். மெல்ல எழுந்து சமையலறைக்கு வந்தாள்.

அவர் அறை நடுவில் நின்றுகொண்டே இருந்தார். அப்புறம் கழற்றினார்.

நவம்பர் 2

பள்ளித் தாளாளரும் ரெஜினா மிஸ்ஸும் பலகாரத்தோடு வீட்டுக்கு வந்தார்கள். "தப்பு நடந்துபோச்சுங்க. குழந்தைகள் தினத்துக்கு நீங்கதான் வந்து புரோகிராம் பண்ணோணும். எங்க மனசு ஆறோணுமில்லீங்களா?" என்றார் தாளாளர்.

நான் வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன். "வர்றனுங்க" என்றார் பூபதி.

அவர்கள் போன பிறகு, "அந்தக் கேட்டுக்குள்ள எப்படிங்க மறுபடி போவீங்க?" என்று கேட்டேன்.

"அன்னிக்குப் பூ வந்தப்பப் புள்ளைங்க கைதட்டுச்சுக பாரு, அதுக அந்தப் பூவை இன்னும் முழுசாப் பாக்கல" என்றார். அப்புறம் தளிர் தூங்குகிற பக்கம் பார்த்து, "கோட்டுக்குள்ள இருக்கறது யாருன்னு அவளுக்குத் தெரியோணும் சாரு. அடி வாங்கினது வலிக்கல. அவ சொன்னா பாரு, தலையைச் சாய்ச்சு. அதுதான்" என்றார்.

நவம்பர் 5

இன்னும் ஒன்று இருக்கிறது. இதோடு எல்லாம் வந்துவிடும்.

அன்று ரெஜினா மிஸ் எனக்குப் போன் செய்தார். நான் எடுத்தேன்.

"மேடம், உங்க ஹஸ்பண்ட் பெங்களூர்லதான இருக்காரு?"

பின்னால் சத்தமாக இருந்தது. என்ன நடக்கிறது என்று எனக்குத் தெரியாது. ஆனால் பூபதி அங்கே போயிருப்பார் என்பது தெரியும். நான்தானே அனுப்பினேன். தெரிந்தும், வாசலில் ஷர்மிளாவிடம் சொல்லிச் சொல்லிப் பழகிய வாய்,

"ஆமாங்க மிஸ்" என்றது.

அடுத்த வார்த்தைக்குள் லைன் போய்விட்டது. திரும்பத் திரும்பக் கூப்பிட்டேன், யாரும் எடுக்கவில்லை. ஆட்டோக்காரர்கள் பூபதியை அடித்தது அதற்கு அப்புறம்தான்.

ரெஜினா மிஸ் இதை யாரிடமும் சொன்னதாகத் தெரியவில்லை. பலகாரம் கொண்டுவந்த அன்றும் என் கண்ணைப் பார்க்காமலே காபி குடித்தார். மிஸ்ஸுக்கும் எனக்கும் மட்டும் தெரிந்த விஷயம். பூபதிக்குத் தெரிந்தால் என்ன ஆகும் என்று நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. தெரியவே வேண்டாம் என்றும் இருக்கிறது. தினமும் அவர் முகத்தைப் பார்த்து, தெரியாது, தெரியாது என்று எனக்கே சொல்லிக்கொள்கிறேன்.

நவம்பர் 14

பள்ளி முற்றத்தில் பந்தல். முன்னால் குழந்தைகள் ஜமுக்காளத்தில், பின்னால் நாங்கள் நாற்காலிகளில். ஷர்மிளா பக்கத்து நாற்காலியில் கைப்பையை வைத்து எனக்கு இடம் பிடித்திருந்தாள். "உக்காருங்க தளிரம்மா" என்றாள். பெங்களூரைப் பற்றி இன்றுவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. தளிர் மற்றக் குழந்தைகளோடு உட்காராமல் என் மடிக்கு வந்துவிட்டாள்.

சிலேட்டு ஐட்டத்தை அவர் பெட்டியிலேயே வைக்கவில்லை என்பது எனக்குத் தெரியும். அதற்குப் பதில் யாராவது ஒரு அம்மாவை மேலே அழைத்து மோதிரத்தை மறைக்கிற ஐட்டம். "யாராச்சும் ஒருத்தர் வாங்க" என்றதும் எனக்கே தெரியாமல் கையைத் தூக்கிவிட்டேன். பேசி வைக்காமல் நான் கை தூக்கியது இதுதான் முதல் தடவை.

அவர் பார்வை வரிசையில் ஓடி, என்மேல் வந்து, நிற்காமல் கடந்து போனது. பின்வரிசையில் வேறு ஒருவரை அழைத்தார். நியாயம்தான். சொந்த மனைவியை மேலே கூப்பிட்டால் யார் நம்புவார்கள்? தொழில் முறை அது. கையை இறக்கிக்கொண்டேன்.

அடுத்து முட்டை. பட்டுத் துணியை உதறி இரண்டு பக்கமும் காட்டினார். "ஒண்ணுமில்ல பாத்துக்குங்க... ஒண்ணுமே இல்ல..."

தளிர் என் காதைப் பிடித்து இழுத்தாள்.

"அம்மா, இப்பத் தெரியுமா, தெரியாதா?"

"என்னது?"

கண்ணால் மேடையைக் காட்டினாள். "அவரை."

"தெரியும் கண்ணு. அது அப்பாதான்."

"கோட்டு போட்டிருக்காரே?"

"போட்டிருந்தாலும் அப்பாதான். அம்மா தப்பாச் சொல்லிக் கொடுத்துட்டேன்."

யோசித்தாள். "மிஸ் கேட்டா?"

"மிஸ் கேட்டாலும் தெரியும்னு சொல்லோணும்."

"போன்ல கேட்டா?"

அவளை என் பக்கம் திருப்பினேன்.

"மிஸ் போன்ல கேட்டாங்கல்ல? நீ ஆமாங்க மிஸ்ஸுன்னு சொன்னியே, சத்தமா கேட்டுச்சே? அப்பாவும் கேட்டாரு. நான் கூடக் கரெக்டுன்னு நெனச்சேன்."

மிஸ் போனை எல்லோருக்கும் கேட்கிற மாதிரி போட்டிருக்கிறார். அந்தக் குரல் அந்த அறை முழுக்க ஒலித்திருக்கிறது. அவர் கேட்டிருக்கிறார். கேட்ட பிறகுதான் அடி விழுந்திருக்கிறது. அதற்குப் பிறகு இட்லி சாப்பிட்டார், தலை பின்னினார், கோட்டைத் தைத்தார். நான் சொல்வேனா என்று எனக்குத் தினமும் இடம் கொடுத்துக்கொண்டே இருந்திருக்கிறார். நான் துணி காய்கிறது என்று மாடிக்குப் போயிருக்கிறேன்.

ஷர்மிளா திரும்பிப் பார்ப்பது தெரிந்தது. பார்க்கட்டும்.

"போன்ல கேட்டாலும்" என்றேன். இன்னொரு தடவை சத்தமாகச் சொன்னேன். "போன்ல கேட்டாலும், யார் கேட்டாலும், அது அப்பா."

தளிர் என் முகத்தைப் பார்த்தாள். நான் விளையாடுகிறேனா என்று பார்த்தாள். அப்புறம் என் தொடைமேல் ஏறி நின்று, தோளைப் பிடித்துக்கொண்டு, மண்டபத்தில் கத்திய அதே குரலில் கத்தினாள்.

"அப்பா!"

அவர் கை அப்படியே நின்றது. துணி நழுவி விழுந்தது. எந்தக் கையில் முட்டை இருக்கிறது என்று முற்றத்தில் இருந்த அத்தனை பேருக்கும் தெரிந்தது. குழந்தைகள், "இருக்கு, இருக்கு! நாங்க பாத்துட்டோம்!" என்று கூச்சல் போட்டன. அவர் அதை மறைக்கவில்லை. முட்டையை ஏந்திக்கொண்டு, தையல் தெரிகிற கோட்டுக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, தளிரைப் பார்த்துச் சிரித்தார்.

தளிரை மட்டும்.

வீட்டுக்கு வந்ததும் கோட்டை ஆணியில் மாட்டினார். நான் வாசல்படியில் நின்றபடி, "அன்னிக்குப் போன்ல நான்..." என்று தொடங்கினேன். இந்தத் தடவை குக்கரும் இல்லை, துணியும் இல்லை.

"சொல்லு" என்று தரையில் உட்கார்ந்தார்.